ரயில் ஏறினால் பூநாரை!

குட்டீஸ்! கொருக்குப்பேட்டையில் கும்மிடிப்பூண்டி ரயில் ஏறி, பொன்னேரியில் இறங்கி, பஸ் பிடித்தால் பழவேற்காடு பறவைகள் சரணாலயம். ஒரே நாளில் பார்த்துத் திரும்பலாம்!

ஒடிசாவின் சிலிகாவுக்கு அடுத்து, இந்தியாவின் இரண்டாவது பெரிய உப்பங்கழி ஏரி இது. ஏரிக்கும் வங்கக் கடலுக்கும் நடுவே, ராக்கெட் ஏவும் ஸ்ரீஹரிகோட்டா தீவு உள்ளது.

குளிர்காலத்தில் இங்கு பூநாரைகள் கூட்டமாக நிற்கும். பறவைகளை அறிந்த வழிகாட்டி உடன் வந்தால், அவை இரை தேடும் விதத்தைக் காட்டச் சொல்லுங்கள். அலகைத் தலைகீழாக நீரில் வைத்து, சேற்று நீரை வடிகட்டி உண்ணும். பூநாரைக் குஞ்சு சாம்பல் நிறம்தான். பாசியிலும் சிறு இறால்களிலும் உள்ள நிறமிதான் அதை வளர வளர இளஞ்சிவப்பாக்குகிறது!

கடலிலிருந்து மீன் குஞ்சுகளும் இறால் குஞ்சுகளும் முகத்துவாரம் வழியாகவே ஏரிக்குள் வருகின்றன. மணல் சேர்ந்து அந்த வாசல் அடைபட்டால், மீனவருக்கு மீன் குறையும். பறவைகளுக்கும் இரை குறையும். அதனால்தான் அந்த வாசல் எப்போதும் திறந்திருக்க வேண்டும்.

ஒரு எச்சரிக்கை! 2011 கிறிஸ்துமஸ் அன்று இங்கு படகு கவிழ்ந்து 22 பேர் இறந்தனர். எனவே யார் அழைத்தாலும் படகில் ஏறாதீர்கள். கரையில் நின்றே, சத்தம் போடாமல் பாருங்கள். பிளாஸ்டிக் பையை அங்கே போடாமல் வீட்டுக்கே கொண்டு வாருங்கள். சரியா?