உங்க பி.எம்.ஐ-யைக் கண்டுபிடிச்சவர் டாக்டர் இல்லை!

உயரம் 170 செ.மீ., எடை 70 கிலோ. உங்க மொபைலில் இருக்கும் ஹெல்த் ஆப்பில் இந்த இரண்டையும் போட்டுப் பாருங்கள். பி.எம்.ஐ 24.2 என்று வரும். 25 வரைக்கும் ஓகே என்று கணக்கு வைத்திருக்கும் ஆப் என்றால், பச்சை நிறத்தில் 'நார்மல்' என்று சொல்லிவிடும். அதே 24.2-ஐ எடுத்துக்கொண்டு நம்ம ஊர் சர்க்கரை நோய் டாக்டரிடம் போனால், "கொஞ்சம் ஓவர்வெயிட்டா இருக்கீங்களே... வீட்ல யாருக்காவது சுகர் இருக்கா?" என்பார்.

ஒரே உடம்பு, ஒரே நாள், ரெண்டு தீர்ப்பு. இதில் எது சரி?

பதில் வேணும்னா ஏறக்குறைய 200 வருஷம் பின்னாடி போகணும். ஏன்னா, இந்த ஃபார்முலாவைக் கொடுத்தவர் டாக்டர் இல்லை. டயட்டீஷியனும் இல்லை. வானத்தைப் பார்க்க வேண்டியவர், பாதியில் மனிதர்கள் பக்கம் திரும்பிவிட்டார். அவர் பெயர் அடோல்ஃப் கெட்லே.

1796-ல் இன்றைய பெல்ஜியத்தில் இருக்கும் கென்ட் நகரத்தில் பிறந்தவர். கணிதத்தில் டாக்டர் பட்டம் வாங்கினார். பிரஸ்ஸல்ஸில் ஒரு வான் ஆய்வகம் கட்ட வேண்டும் என்பது அவருடைய கனவு. அதை எப்படி நடத்துவது என்று கற்றுக்கொள்ள 1823-ல் பாரிஸ் போனார். போன இடத்தில் அங்கிருந்த வானியலாளர்களிடம் தொலைநோக்கியோடு சேர்த்து இன்னொரு விஷயத்தையும் கற்றுக்கொண்டார். அதுதான் பிழைகளின் கணக்கு.

அது ரொம்ப சிம்பிள். உங்க வீட்டு வாசக்காலின் உயரத்தைப் பத்து ஃபிரெண்ட்ஸிடம் டேப் கொடுத்து அளக்கச் சொல்லுங்கள். பத்து பேரும் ஒரே அளவைச் சொல்ல மாட்டார்கள். ஒருத்தர் ரெண்டு மில்லிமீட்டர் கூடச் சொல்வார், இன்னொருத்தர் ஒன்று குறைத்துச் சொல்வார். ஆனால் பெரும்பாலான அளவுகள் நடுவில் குவியும், ஓரத்துக்குப் போகப் போகக் குறையும். வரைந்து பார்த்தால் கோயில் மணியைக் கவிழ்த்து வைத்த மாதிரி ஒரு வளைவு கிடைக்கும். உண்மையான உயரம் அந்த நடுவில்தான் இருக்கும், மற்றதெல்லாம் கை தவறியது. நட்சத்திரத்தின் இடத்தைக் குறிக்க வானியலாளர்கள் இப்படித்தான் சராசரி எடுத்தார்கள்.

கெட்லே ஊர் திரும்பினார். ஆய்வகக் கட்டடம் முடிவதற்குள் 1830-ல் பெல்ஜியத்தில் புரட்சி வெடித்தது. தன் கண் முன்னால் ஒரு சமூகமே தலைகீழாகப் புரள்வதைப் பார்த்தார். கிரகங்களுக்கு விதி இருக்கும்போது மனிதக் கூட்டத்துக்கு மட்டும் விதி இருக்காதா என்ற கேள்வி அவரை விடவில்லை. நட்சத்திரத்துக்குப் போட்ட கணக்கை மனிதர்கள் மேல் போட ஆரம்பித்தார்.

பிறப்பு, இறப்பு, கல்யாணம், உயரம், எடை, குற்றம் என்று எந்தப் பதிவேடு கிடைத்தாலும் விடவில்லை. பிரான்ஸ் நாட்டு நீதிமன்றக் கணக்குகளைப் புரட்டியபோது அவருக்கே தூக்கிவாரிப்போட்டது. கொலை என்பது ஏதோ ஒரு நொடிக் கோபத்தில் நடப்பது என்று நினைக்கிறோம் இல்லையா? ஆனால் வருஷா வருஷம் கொலைகளின் எண்ணிக்கை கிட்டத்தட்ட ஒரே அளவில் இருந்தது. எந்த ஆயுதத்தால் என்ற கணக்குகூடப் பெரிதாக மாறவில்லை. அப்படியென்றால் குற்றவாளியை மட்டும் திட்டிப் பிரயோஜனம் இல்லை, இத்தனை குற்றத்தை ஒவ்வொரு வருஷமும் தயார் செய்துகொடுப்பது அந்தச் சமூகம்தான் என்றார். சட்டமும் வாழ்க்கை நிலையும் மாறினால் எண்ணிக்கையும் மாறும் என்றார். இன்றைக்கு நமக்கு இது சாதாரணமாகத் தோன்றலாம். அந்தக் காலத்தில் இது பெரிய அதிர்ச்சி. புள்ளிவிவரத்தை வைத்தே ராணுவ மருத்துவமனைகளைத் திருத்தப் போராடிய ஃப்ளாரன்ஸ் நைட்டிங்கேல், கெட்லேயைத் தன் குரு மாதிரி கொண்டாடினார்.

இன்னொரு சம்பவமும் சுவாரஸ்யம். பிரான்ஸில் ராணுவத்துக்கு ஆள் எடுக்கும்போது 157 செ.மீ-க்குக் கீழே இருந்தால் விலக்கு. ஒரு லட்சம் இளைஞர்களின் உயரக் கணக்கை எடுத்துப் பார்த்தார் கெட்லே. மணி வளைவின்படி வரவேண்டியதைவிட 157-க்குக் கீழே கூடுதலாக இரண்டாயிரத்துச் சொச்சம் பேர் இருந்தார்கள், அதற்குச் சற்று மேலே ஆள் குறைந்திருந்தது. முழங்காலை மடக்கி நின்றார்களோ, அளந்தவரைக் கவனித்துக்கொண்டார்களோ... மொத்தத்தில் ராணுவத்துக்குப் போகாமல் தப்பித்தவர்களை, அவர்கள் முகத்தைக்கூடப் பார்க்காமல், ஆபீஸில் உட்கார்ந்தபடியே கண்டுபிடித்துவிட்டார். கூட்டத்தைப் படிக்க அவர் கொடுத்த கருவி அவ்வளவு கூர்மையானது.

1835-ல் வெளியான தன் புத்தகத்தில் இந்தப் புதுத் துறைக்கு 'சமூக இயற்பியல்' என்று பெயர் வைத்தார். அங்கேதான் ஒரு சண்டை. அந்தப் பெயரை ஏற்கெனவே பயன்படுத்திக்கொண்டிருந்தவர் பிரான்ஸின் தத்துவவாதி அகஸ்டே காம்டே. வெறும் புள்ளிவிவரத்துக்குப் போய் என் சொல்லை ஒரு பெல்ஜியக்காரர் எடுத்துக்கொண்டாரே என்று எரிச்சலானவர், 1839-ல் வேறு சொல்லுக்கு மாறினார். அதுதான் 'சோஷியாலஜி'. இன்று காலேஜில் ஒரு டிபார்ட்மென்ட்டுக்கே இருக்கும் பெயர், பாதி கோபத்தில் வந்தது!

ஆனால் கெட்லே ஓர் இடத்தில் சறுக்கினார். நம் கதைக்கு முக்கியமான இடம் அதுதான்.

5,738 ஸ்காட்லாந்து வீரர்களின் மார்பளவு அவருக்குக் கிடைத்தது. சராசரி சுமார் 40 அங்குலம். அளவுகள் அச்சு அசலாக மணி வளைவில் உட்கார்ந்தன. 'ஒரே வீரரை 5,738 தடவை தப்பும் தவறுமாக அளந்த மாதிரியே இருக்கிறதே' என்று தோன்றியது அவருக்கு. அப்போ நடுவில் இருப்பவர்தான் இயற்கை படைக்க நினைத்த மனிதர், மற்றவர்கள் எல்லாம் குறி தவறியவர்கள் என்ற முடிவுக்கு வந்தார். இட்லித் தட்டின் குழி ஒரே அளவு, சில இட்லி மட்டும் சரியாக வரவில்லை என்கிற மாதிரி. அந்த நடு ஆளுக்கு 'சராசரி மனிதர்' என்று பெயர் வைத்து, அழகுக்கும் நற்குணத்துக்கும்கூட அவரையே இலக்கணமாக்கினார்.

எங்கே தப்பு? வாசக்கால் ஒன்றுதான், அளவுகள்தான் பல. மனிதர்கள் நிஜமாகவே பல பேர். உங்கள் உயரம் எந்த உயரத்திலிருந்தும் தவறிய பிழை இல்லை.

பிறகு இந்த வளைவு இங்கிலாந்தின் ஃபிரான்சிஸ் கால்டன் கைக்குப் போனது. சராசரியைக் கொண்டாடுவதற்குப் பதில், வளைவின் ஒரு பக்கம் இருப்பவர்கள் உயர்ந்தவர்கள், மறுபக்கம் இருப்பவர்கள் தாழ்ந்தவர்கள் என்று தரம் பிரித்தார். 1883-ல் 'யூஜெனிக்ஸ்' என்ற சொல்லையும் உருவாக்கினார். 1907-ல் அமெரிக்காவின் இண்டியானா மாநிலத்தில் கட்டாயக் கருத்தடைச் சட்டம் வந்தது வரை, அதற்குப் பிறகு ஜெர்மனியில் நடந்தது வரை, அந்தச் சொல் போன தூரம் பயங்கரமானது.

சரி, பி.எம்.ஐ? வளர்ந்த மனிதர்களின் எடை, உயரத்தின் வர்க்கத்தை ஒட்டிக் கூடுகிறது என்று 1830-களில் கெட்லே கவனித்தார். எடையை உயரத்தின் வர்க்கத்தால் வகுப்பது அங்கிருந்து வந்ததுதான். யார் குண்டு, யாருக்கு நோய் வரும் என்பதெல்லாம் அவர் யோசித்த விஷயமே இல்லை. 1972-ல் அமெரிக்க ஆய்வாளர் ஆன்செல் கீஸும் அவர் குழுவும் 5 நாடுகளைச் சேர்ந்த 7,400-க்கும் மேற்பட்டவர்களை அளந்து, பல ஃபார்முலாக்களை ஒப்பிட்டு, கெட்லேயின் கணக்கே பரவாயில்லை என்று தூசு தட்டி எடுத்தார்கள். 'பாடி மாஸ் இண்டெக்ஸ்' என்ற பெயரும் அப்போது வந்ததுதான். அந்த 7,400 பேரும் ஆண்கள். இதைக் கொஞ்சம் ஞாபகத்தில் வைத்துக்கொள்ளுங்கள்.

எல்லைக்கோடும் மாறாதது இல்லை. அமெரிக்காவில் ஓவர்வெயிட் கோடு ஆண்களுக்கு 27.8, பெண்களுக்கு 27.3 என்று இருந்தது. 1998-ல் அதை 25 ஆக்கினார்கள். ஒரு கிராம்கூட ஏறாமல், கோடிக்கணக்கான பேர் ஒரே நாளில் 'ஓவர்வெயிட்' ஆனார்கள்.

நம் கதை நேர்மாறு. 2004-ல் 'லான்செட்' இதழில் இரண்டு டாக்டர்களின் போட்டோ வந்தது. ஒருவர் புனேயைச் சேர்ந்த சித்தரஞ்சன் யாஜ்னிக், இன்னொருவர் லண்டனைச் சேர்ந்த ஜான் யட்கின். இருவருக்கும் பி.எம்.ஐ 22.3. பார்க்கவும் இருவரும் ஒல்லிதான். ஆனால் யட்கின் உடம்பில் கொழுப்பு 9.1 சதவிகிதம், யாஜ்னிக்குக்கு 21.2 சதவிகிதம்! ஒல்லியாகத் தெரியும் இந்தியருக்கு உள்ளே கொழுப்பு ஒளிந்திருக்கலாம், அதுவும் வயிற்றைச் சுற்றி. ஆசிய மக்களுக்கு 25-க்குக் கீழேயே சர்க்கரை நோய், இதய நோய் ஆபத்து கூடுகிறது என்று உலக சுகாதார நிறுவனத்தின் நிபுணர் குழு சொன்னதும் அதே வருஷம்தான். இந்திய டாக்டர்கள் 23-லேயே ஓவர்வெயிட், 25-ல் உடல்பருமன் என்று கோட்டைக் கீழே இறக்கியதன் காரணம் இதுதான். ஆக, ஆரம்பத்தில் பார்த்த அந்த 24.2 விஷயத்தில் நான் டாக்டர் கட்சி.

அதுக்காக, எண் ஒரு பாயின்ட் ஏறியதும் ராத்திரி சாப்பாட்டைத் தள்ளி வைக்காதீர்கள். ஜிம்மில் தசை ஏற்றியவருக்கும் பி.எம்.ஐ ஏறும். ஒரு ஊரில் எத்தனை பேருக்கு ஆபத்து என்று அரசாங்கம் கணக்குப் போட இது அருமையான கருவி, கெட்லே செய்ததும் அதைத்தான். உங்க ஒருத்தர் உடம்புக்கு இது மட்டும் போதாது. 2025-ல் வந்த சர்வதேச நிபுணர் குழு அறிக்கையும், இடுப்புச் சுற்றளவு மாதிரி இன்னோர் அளவையும் சேர்த்தே பாருங்கள் என்கிறது.

அதற்கு ஆப் வேண்டாம், தையல்காரர் டேப் போதும். நிமிர்ந்து நின்று, கடைசி விலா எலும்புக்கும் இடுப்பு எலும்பின் மேல் விளிம்புக்கும் நடுவில் டேப்பைச் சுற்றுங்கள். இறுக்க வேண்டாம். மூச்சை மெதுவாக விட்டுவிட்டு அளவைப் பாருங்கள். இந்தியர்களுக்கு ஆண் என்றால் 90 செ.மீ., பெண் என்றால் 80 செ.மீ. அதைத் தாண்டினால் டாக்டரிடம் ஒரு சுகர் டெஸ்ட் கேளுங்கள். முக்கியமா, அளக்கும்போது வயிற்றை உள்ளே இழுத்துப் பிடிக்கக் கூடாது. அந்த பிரெஞ்சுப் பசங்க முழங்காலை மடக்கின கதைதான் ஆகும்.