கானல் வரி: ஒரு குறும்படத்துக்கான கதை

பூம்புகார் என்றதும் நம்மில் பலருக்கு 1964-ல் வந்த திரைப்படமும் கண்ணகியின் சிலம்பும்தான் நினைவுக்கு வரும். ஆனால் மனசைக் கனக்க வைக்கிற ஒரு குறும்படத்தை அங்கே எடுக்கச் சொன்னால் நான் சிலம்பைத் தொடமாட்டேன். சிலப்பதிகாரத்தின் ஏழாவது பகுதியான கானல் வரியில் ஆரம்பிப்பேன்.

இந்திர விழா முடிந்த கடற்கரை. மாதவி யாழைச் சுதி சேர்த்துக் கோவலனிடம் கொடுக்கிறாள். அவன் காவிரியையும் நெய்தல் நிலத்துப் பெண்ணையும் பாடுகிறான். இவன் மனசில் வேறொருத்தி இருக்கிறாளோ என்று அவளுக்குத் தோன்றுகிறது. யாழை வாங்கி, தனக்கும் வேறொருவன் இருப்பதுபோலப் பாடுகிறாள். அவன் எழுந்து போய்விடுகிறான். அவள் வண்டியில் தனியாக வீடு திரும்புகிறாள். அவ்வளவுதான். சண்டை இல்லை, ஒரு கேள்விகூட இல்லை. "யாரைப் பாடினீங்க?" என்று யாராவது ஒருத்தர் கேட்டிருந்தால் காப்பியமே நின்றிருக்கும்!

பிறகு அவள் தாழை மடலில், பிச்சி மொட்டைச் செம்பஞ்சுக் குழம்பில் தோய்த்து எழுதி, வசந்தமாலையிடம் கொடுத்தனுப்புகிறாள். அவன் வாங்க மறுத்துவிடுகிறான். ஆடல்மகள்தானே, எல்லாம் நடிப்பு என்பது அவன் வாதம்.

எனக்குப் பிடித்தது இரண்டாவது கடிதம். கோவலன் கண்ணகியோடு மதுரைக்குப் பக்கத்தில் வந்துவிட்டான். கோசிகன் ஓலையோடு தேடி வருகிறான். துன்பத்தில் ஆளே உருமாறிப் போயிருப்பதால், இவன்தானா என்று சந்தேகம். அதனால் அங்கிருந்த மாதவிக் கொடியைப் பார்த்து, நீயும் கோவலனைப் பிரிந்துதான் வாடினாயா என்று பேசுகிறான். என்ன அழகான சோதனை பாருங்க! நாங்கள் மென்பொருளில் ஆளைச் சரிபார்க்க ஓடிபி அனுப்புகிறோம்.

ஓலையின் மண் முத்திரையில் அவள் கூந்தல் பதிந்திருக்கிறது. அதில் பழகிய எண்ணெய் வாசம். பிரிப்பதற்கு முன்பே யாருடையது என்று அவனுக்குத் தெரிந்துவிடுகிறது. ஒரு வாசனையைத் திரையில் எப்படிக் காட்டுவது? கையில் வைத்துக்கொண்டு பிரிக்காமல் நிற்கிற அந்தச் சில நொடிகளே போதும் என்று நினைக்கிறேன்.

உள்ளே: பெற்றோரையும் விட்டு, மனைவியோடு இரவோடு இரவாகப் போகும்படி நான் என்ன பிழை செய்தேன், தெரியவில்லையே. படித்ததும் தப்பு தன்னுடையதுதான் என்று உணர்கிறான். இந்த வார்த்தைகள் தன் அப்பா அம்மாவுக்கும் அப்படியே பொருந்தும் என்று அதே ஓலையைக் கோசிகனிடம் திருப்பிக் கொடுத்து, புகாரில் அவர்களிடம் காட்டச் சொல்கிறான். இன்றைய பாஷையில் ஃபார்வர்டு.

மாதவிக்கென்று ஒரு வரி பதில் கிடையாது.