சாக்லேட் கொடுத்தது குத்தமா?

நான் டவுசர் போட்ட காலத்தில் எங்க மஞ்சக்குப்பத்தில் ஒரு பயம். எங்கே பாலம் கட்டினாலும், தூண் நிற்பதற்குப் பிள்ளை பிடித்துப் பலி கொடுப்பார்களாம்! கோணி மூட்டையோடு எவனாவது வந்தால், தெருவே கதவைச் சாத்தும். இப்போ நினைத்தால் சிரிப்பு வருகிறது.

2018 மே மாதம் போளூர் பக்கம் அத்திமூரில் நடந்ததற்குச் சிரிக்க முடியாது. குலதெய்வம் கோயிலுக்காகச் சென்னையிலிருந்து காரில் வந்த குடும்பம், வழி கேட்டது; குழந்தைகளுக்குச் சாக்லேட் கொடுத்தது. அவ்வளவுதான் குற்றம். 'பிள்ளை பிடிக்கிற கும்பல் சுத்துது' என்ற வாட்ஸ்அப் வதந்தி அவர்களுக்கு முன்னாலேயே ஊருக்குள் வந்துவிட்டிருந்தது. கூடி அடித்ததில் ஒரு மூதாட்டி செத்தே போனார்.

'பட்டிக்காட்டு ஜனங்க' என்கிறீர்களா? ஆபீஸ் லஞ்ச் டயத்தில், 'எதுக்கும் இருக்கட்டுமே' என்று நாலு பேருக்குத் தட்டி விடுகிறோமே... அது யார் சார்?