கடனுக்குப் போன ஓடுபாதை

மறுவேடம் பூண்ட இடங்கள் – 9

சென்ற வாரம் பார்த்த நியூயார்க் ஹை லைன், ஒரு பழைய சரக்கு ரயில் பாதை. அகலம் குறைவு, நீளம் அதிகம். அதைப் பூங்காவாக்கியதே பெரிய சாதனை என்கிறோம். இந்த வாரம் நாம் போகும் இடம் 620 ஹெக்டேர், ஏறத்தாழ 1,530 ஏக்கர். ஏதென்ஸ் நகரின் தென்கரையில், சரோனிக் வளைகுடாவை ஒட்டி, நகர மையத்திலிருந்து எட்டு கிலோமீட்டர் தொலைவில் கிடக்கிறது. பெயர் எலினிகோன். 2001 மார்ச் கடைசியில் ஸ்பாட்டாவில் புதிய விமான நிலையம் திறந்ததும் இந்தப் பழைய நிலையத்தை மூடிவிட்டார்கள். ஒரு தலைநகரத்துக்குக் கடற்கரையோடு சேர்த்து இவ்வளவு நிலம் ஒரே இரவில் கிடைப்பது சாதாரண அதிர்ஷ்டமல்ல. பூங்கா அமைப்போம் என்று அரசு சொன்னது. சர்வதேசப் போட்டி வைத்துப் பிரெஞ்சுக் கட்டடக் கலைஞர் டேவிட் செரெரோவின் வரைபடத்தைத் தேர்ந்தெடுக்கவும் செய்தது. ஆனால் பூங்காவின் முதல் துண்டு திறந்தது 2021 டிசம்பரில்தான், அதுவும் வேறொருவர் வரைபடத்தில். நடுவில் போன இருபது வருஷம்தான் கதை.

ஏதென்ஸுக்குப் பூங்கா ஏன் அவ்வளவு அவசியம்? இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு கிராமங்களிலிருந்து ஜனம் குவிந்தபோது, அங்கே வீடு கட்டிய முறை நமக்கு ரொம்பப் பழக்கமானது. நிலத்துக்காரர் மனையைக் கொடுப்பார். கட்டுநர் அடுக்ககம் எழுப்பி, அவருக்கு இரண்டு மூன்று வீடுகளைக் கொடுத்துவிட்டு மீதியை விற்றுக்கொள்வார். சென்னையில் 'ஜாயின்ட் வென்ச்சர்' என்று நடப்பதேதான். அரசு கஜானாவிலிருந்து பெரிதாகச் செலவில்லாமல் லட்சக்கணக்கானோருக்குக் கூரை கிடைத்தது, தோட்டங்கள் போயின. 2023 ஜூலையில் வெயில் தாங்காமல் அக்ரோபொலிஸையே நண்பகலில் மூட வேண்டி வந்தது. அப்படிப்பட்ட ஊரில் மரம் வைக்க இடம் என்பது ஆடம்பரமல்ல.

எலினிகோன் நிலத்துக்கு முன்கதையும் உண்டு. கருங்கடல் கரையிலிருந்து துரத்தப்பட்டு வந்த பொன்டிக் கிரேக்க அகதிகள் குடியேறிய பகுதி இது. 1938இல் விமான நிலையம் வந்தது. ஆக்கிரமிப்புக் காலத்தில் ஜெர்மானிய விமானப்படை பயன்படுத்தியது. போருக்குப் பின் ஒரு பகுதி அமெரிக்க விமானப்படையின் தளமாகி, 1990களின் தொடக்கம்வரை நீடித்தது. கப்பல் அதிபர் ஒனாசிஸ் 1957இல் ஒலிம்பிக் ஏர்வேஸைத் தொடங்கியதும் எலினிகோன் அதன் வீடானது. கிழக்கு முனையத்தை வடிவமைத்தவர் ஈரோ சாரினென், நியூயார்க் விமான நிலையத்தில் பறவை சிறகு விரித்தாற்போன்ற டி.டபிள்யூ.ஏ. முனையத்தைக் கட்டியவர். ஏதென்ஸ் முனையம் 1969இல் திறந்தபோது அவர் இறந்து எட்டு வருடமாகியிருந்தது. 1976இல் என்டெபியில் போய் முடிந்த ஏர் பிரான்ஸ் விமானக் கடத்தலில், கடத்தல்காரர்கள் ஏறியதும் இங்கேதான்.

நிலையம் மூடியதும் முதலில் வந்தது ஒலிம்பிக். 2004 போட்டிகளுக்காக ஓடுபாதைமேல் பேஸ்பால், சாஃப்ட்பால், ஹாக்கி மைதானங்களைக் கட்டினார்கள். கடல்நீரை இறைத்துக் காட்டாற்றுப் படகோட்டத்துக்குச் செயற்கை ஆறு ஒன்றையும் ஓடவிட்டார்கள். கிரேக்கத்தில் பேஸ்பால் ஆடுவோர் மிகக் குறைவு. அந்நாட்டு அணியில் பெரும்பாலும் அமெரிக்காவில் பிறந்து வளர்ந்த கிரேக்கர்களே இருந்தார்கள். போட்டி முடிந்த பிறகு அந்த மைதானத்தில் யார் ஆடுவார்கள் என்று முன்கூட்டி ஒருவராவது கேட்டிருக்கலாம். புல் முளைத்தது; ஆறு வறண்டது.

பிறகு 2010, கடன் நெருக்கடி. மீட்புக் கடன் கொடுத்தவர்கள் அரசுச் சொத்துகளை விற்கச் சொன்னார்கள். விற்பதற்கென்றே ஒரு நிதியம் உருவாயிற்று. அதன் பட்டியலில் பளிச்சென்று தெரிந்தது எலினிகோன். 2014இல் விலைப்புள்ளியோடு கடைசிவரை நின்றது லாம்டா டெவலப்மென்ட் ஒன்றுதான், 91.5 கோடி யூரோவுக்கு ஒப்பந்தம். எதிர்க்கட்சியாக இருந்தபோது இதை ரத்து செய்வோம் என்ற சிரிஸா கட்சி ஆட்சிக்கு வந்தது. 2016இல் அதே நிறுவனத்தோடு திருத்திய ஒப்பந்தத்தில் கையெழுத்திட்டது. மூன்றாவது மீட்புக் கடன் கழுத்தில் தொங்கும்போது வேறு வழி இருந்ததா என்பது வேறு விவாதம்.

இந்த வருடங்களில் நிலம் சும்மா கிடந்ததாக எழுதுகிறார்கள். சும்மா கிடக்கவில்லை. பழைய அமெரிக்கத் தளத்தில் 2011 டிசம்பரில் ஓர் இலவச மருத்துவமனை தொடங்கியது. வேலை போனதும் மருத்துவக் காப்பீடும் போய்விட்டவர்களுக்குத் தன்னார்வ மருத்துவர்கள் வைத்தியம் பார்த்தார்கள். பணமாக நன்கொடை வாங்கவில்லை. மருந்தாகக் கொடுங்கள் என்றார்கள். இன்னொரு மூலையில் அக்கம்பக்கத்தார் ஒலிவக் கன்றுகளை நட்டு, காய்கறி பயிரிட்டார்கள். 2015, 16இல் பால்கன் எல்லைகள் மூடியபோது, பெரும்பாலும் ஆப்கானியர்களான அகதிகள் பேஸ்பால், ஹாக்கி மைதானங்களிலும் பழைய வருகைக் கூடத்திலும் கூடாரம் அடித்து வாழ்ந்தார்கள். 2017 ஜூனில் அவர்களை அப்புறப்படுத்தினார்கள். அகதிகள் குடியேறிய மண்ணுக்கு அகதிகள் வந்து, மறுபடி கிளப்பப்பட்டார்கள். பொதுமக்கள் பூங்கா என்று பேசும்போது இந்தப் பொதுமக்களை யாரும் கணக்கில் வைப்பதில்லை.

2017இல் ஒரு வேடிக்கை. கிரேக்க அரசமைப்பு காடுகளுக்குக் கடும் பாதுகாப்பு தருகிறது. எலினிகோனில் 3.7 ஹெக்டேர் காடுதான் என்று வனத்துறை அறிவித்தது. விமானம் இறங்கிய இடத்தில் காடா என்று முதலீட்டாளர்கள் தலையில் கைவைத்தார்கள். சில மாதங்களில் தொல்லியல் குழு வந்து, சுமார் 30 ஹெக்டேர் தொல்லியல் கவனத்துக்குரியது என்றது. இரண்டும் திட்டத்தைத் தாமதப்படுத்தினவே தவிர நிறுத்தவில்லை. 2021 ஜூனில் நிலம் கைமாறியது.

இப்போதைய திட்டப்படி பூங்காவுக்கு சுமார் 200 ஹெக்டேர். லண்டனின் ஹைட் பார்க்கை விடப் பெரியது. வடிவமைப்பு அமெரிக்காவின் சசாகி நிறுவனம். பெயர்த்த ஓடுபாதைக் கான்கிரீட்டைக் குப்பைமேட்டுக்கு அனுப்பாமல் தளக்கல்லாகவும் இருக்கையாகவும் மீண்டும் பயன்படுத்துகிறார்கள். ஊர் வெயிலுக்குப் பழகிய தாவரங்களையே தேர்ந்தெடுக்கிறார்கள். சாரினென் முனையம் பாதுகாக்கப்பட்ட கட்டடமாக நிற்கிறது. 2021இல் திறந்த பகுதி ஏழரை ஹெக்டேர்தான். நடைபாதை, நீரூற்று, குழந்தைகள் விளையாடுமிடம் எல்லாம் உண்டு, நுழைவுக் கட்டணம் கிடையாது. இதிலெல்லாம் குறை சொல்ல ஒன்றுமில்லை. பக்கத்தில் புதுப்பித்த பழைய விமானக் கொட்டகை ஒன்று இருக்கிறது. அதற்குள் போனால்தான் மிச்ச 420 ஹெக்டேரின் மாதிரி தெரியும். அடுக்ககங்கள், வணிக வளாகம், சூதாட்ட விடுதி, படகுத்துறை, நார்மன் ஃபாஸ்டர் நிறுவனம் வடிவமைத்த 200 மீட்டர் உயரக் குடியிருப்புக் கோபுரம். மரத்துக்குப் பணம் தருவது அந்தக் கோபுரம். கோபுரத்துக்கு விலை ஏற்றித் தருவது அந்த மரம். கடலைப் பார்த்த ஜன்னல்கள் யாருக்கு என்பதில் சந்தேகமில்லை. பூங்கா மட்டும் எல்லோருக்கும்.

பேரம் மோசம் என்று நான் சொல்ல மாட்டேன்; பூட்டிய கம்பிவேலிக்குள் துரு ஏறியதைவிட இது மேல். ஆனால் 620இல் 200 போதும் என்று முடிவுசெய்தது ஏதென்ஸ்வாசிகள் அல்ல, கடன் அட்டவணை. அவர்களிடம் யாரும் வாக்குச்சீட்டு நீட்டவில்லை. பெர்லினில் நீட்டினார்கள். அங்கே மூடிய டெம்பல்ஹோஃப் விமான நிலையத்தின் ஓரத்தில் வீடு கட்டலாமா என்று 2014 மே மாதம் கேட்டபோது, அந்த ஊர்க்காரர்கள் ஒரு செங்கல்கூட வைக்கக்கூடாது என்றார்கள். வீட்டு வாடகை ஏறிக்கொண்டிருந்த ஊரில் அது சரியான முடிவுதானா? அடுத்த வாரம் அங்கே போவோம்.