பார்க் வீதி நிலையம்: ட்ராம் வண்டியைக் காத்த சுரங்கம்

ஒரு நகரத்தின் வரலாற்றை அறிய விரும்புவோர் அதன் கோட்டைகளையும் கோயில்களையும் நாடிச் செல்வதே வழக்கம். ஆயினும், மக்கள் நாள்தோறும் ஏறி இறங்கும் ஒரு வண்டி நிலையமும் அவ்வரலாற்றை எடுத்துரைக்க வல்லதே. அமெரிக்காவிலுள்ள பொஸ்டன் நகரின் நடுவே, நிலத்தின் கீழ் அமைந்துள்ள பார்க் வீதி நிலையம் அத்தகையது. பொஸ்டன் என்னும் பெயர் நம்மவர்க்குப் புதியதன்று. 1816ஆம் ஆண்டில் யாழ்ப்பாணத்திற்கு வந்த அமெரிக்க மிஷனரிமாரை அனுப்பிய சங்கத்தின் தலைமை அலுவலகம் அந்நகரிலேயே இருந்தது.

பொஸ்டன் நகரின் நடுவில் ‘கொமன்’ எனப்படும் பொதுத் திடல் ஒன்று உண்டு. 1634ஆம் ஆண்டு தொடக்கம் அது ஊருக்குப் பொதுவான நிலமாக இருந்து வருகிறது. அதன் ஓரமாகச் செல்வது திறெமொன்ற் வீதி. பத்தொன்பதாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் நகரின் பல திசைகளிலிருந்தும் வந்த ட்ராம் பாதைகள் யாவும் இவ்வொரு வீதியிலே வந்து கூடின. தொடக்கத்தில் அவ்வண்டிகளைக் குதிரைகள் இழுத்தன. 1887ஆம் ஆண்டில் பல கம்பெனிகள் ஒன்றாக இணைந்தபோது, புதிய கம்பெனியின் லாயங்களில் ஆயிரக்கணக்கான குதிரைகள் நின்றன. 1889இல் மின்சார வண்டிகள் ஓடத் தொடங்கின. வண்டிகள் பெருகின, ஆனால் வீதி அகலவில்லை. மாலை வேளைகளில் வண்டிகள் ஒன்றையொன்று முட்டுவதுபோல் வரிசையாக நின்றன. வண்டிக் கூரைகளின் மேல் நடந்தே வீதியின் மறுமுனையை அடைந்துவிடலாம் என்று மக்கள் நகையாடும் நிலை வந்தது.

வீதியை அகலமாக்குவதாயின் பொதுத் திடலின் ஒரு பகுதியை வெட்டி எடுக்க வேண்டும். அதற்கு நகரமக்கள் உடன்படவில்லை. எனவே வண்டிகளை நிலத்தின் கீழே இறக்குவது என்னும் யோசனை எழுந்தது. இலண்டன் மாநகரில் 1863ஆம் ஆண்டிலேயே நிலக்கீழ்ப் புகையிரதம் ஓடத் தொடங்கியதாயினும், நீராவி இயந்திரங்களின் புகை சுரங்கத்தை நிறைத்தது. மின்சார வண்டிக்கோ புகையில்லை. ஆகவே, ட்ராம் வண்டிகளை மின்சாரம் இழுக்கத் தொடங்கியதே இச்சுரங்கத்தை இயலுவதாக்கியது.

எனினும் எதிர்ப்பு எழாமலில்லை. நிலத்தின் கீழுள்ள காற்று நோயை உண்டாக்கும் எனச் சிலர் அஞ்சினர். வெட்டும் வேலையினால் வியாபாரம் கெடும் என்று திறெமொன்ற் வீதி வணிகர்கள் முறையிட்டனர். 1894ஆம் ஆண்டு ஜூலை மாதத்தில் இவ்விடயம் நகர மக்களின் வாக்கெடுப்புக்கு விடப்பட்டது. ஏறத்தாழ 30,000 பேர் வாக்களித்தனர். சுமார் ஆயிரம் வாக்குகள் அதிகமாகப் பெற்றே திட்டம் வென்றது. 1895ஆம் ஆண்டு மார்ச் மாதம் 28ஆம் நாள் வேலை தொடங்கியது. ஹவார்ட் கார்சன் என்பவர் தலைமைப் பொறியியலாளராக இருந்து அதனை நடத்தினார்.

வீதியின் மேற்புறத்தை வெட்டித் திறந்து, பக்கச் சுவர்களையும் கூரையையும் கட்டிய பின்னர் மீண்டும் மண்ணிட்டு மூடுவதே அவர்கள் கையாண்ட முறை. வேலை நடைபெறும் இடங்களில் பலகைகளைப் பரப்பி, மேலே வண்டிகள் வழமைபோல் செல்ல விட்டனர். திடலின் தென்பாகத்தில் 1756ஆம் ஆண்டுப் பழைய சேமக்காலை ஒன்று இருந்தது. அதன் அருகே வெட்டியபோது ஏறத்தாழ 900 பேரின் எலும்புகள் வெளிப்பட்டன. பெயரும் ஊரும் அறியப்படாத அவர்களை அச்சேமக்காலையிலேயே மீண்டும் அடக்கம் செய்து, கல்லொன்றும் நாட்டினர்.

இறந்தோரின் அமைதியைக் குலைத்த அவ்வேலை, உயிரோடிருந்தோரையும் பலி கொண்டது. 1897ஆம் ஆண்டு மார்ச் மாதம் 4ஆம் நாள், பொயில்ஸ்டன் வீதிச் சந்தியில், பழுதடைந்த எரிவாயுக் குழாயிலிருந்து கசிந்த வாயு, வீதிப் பலகைகளுக்கும் சுரங்கக் கூரைக்கும் இடையிலுள்ள வெளியிலே தேங்கி நின்றது. ட்ராம் வண்டியொன்றின் தீப்பொறி பட்டதும் அது பேரொலியுடன் வெடித்தது. பத்துப் பேர் மாண்டனர், பலர் காயமுற்றனர். நகரத்தார் எளிதாகப் பயணஞ் செய்வதற்கென எழுந்த இச்சுரங்கத்திற்கு அவர்கள் கொடுத்த விலையை நாம் மறத்தலாகாது.

அவ்வாண்டு செப்டெம்பர் மாதம் முதலாம் நாள் காலையில் சுரங்கத்தின் முதற் பகுதி திறக்கப்பட்டது. பார்க் வீதி நிலையமும் பொயில்ஸ்டன் நிலையமும் அன்றே பிறந்தன. அமெரிக்காவின் முதலாவது நிலக்கீழ் வண்டிப் பாதை இதுவே. கட்டணம் 5 சதம். படிக்கட்டுகளுக்கு மேலே கருங்கல்லாலான சிறு மண்டபங்கள் கட்டப்பட்டன. அவை கல்லறைகளைப் போலுள்ளன என்று சிலர் பழித்தனர். ஆயினும் மக்கள் திரள் திரளாக அவற்றினுள் இறங்கினர். திறெமொன்ற் வீதி நெரிசல் நீங்கி மூச்சுவிட்டது. மொத்தச் செலவு சுமார் 42 இலட்சம் டொலர். மதிப்பிட்ட 50 இலட்சத்தினும் அது குறைவே. சுரங்கம் கம்பெனிக்குச் சொந்தமாகவில்லை என்பதும் குறிப்பிடத்தக்கது. நகரமே அதனைக் கட்டி, வண்டி ஓட்டிய கம்பெனிக்கு வாடகைக்கு விட்டது.

1912ஆம் ஆண்டில் ஆற்றுக்கு அப்பாலுள்ள கேம்பிறிட்ஜுக்குச் செல்லும் நிலக்கீழ்ப் புகையிரதத்திற்காக, இதே நிலையத்தின் அடியில் இன்னொரு தட்டு அமைக்கப்பட்டது. மேல் தட்டில் ட்ராம் வண்டியும் கீழ்த் தட்டில் புகையிரதமுமாக, நகரத்தின் முக்கிய சந்திப்பிடமாயிற்று பார்க் வீதி.

இனி இவ்வரலாற்றின் வியக்கத்தக்க பகுதியைக் காண்போம். மோட்டார் வாகனமும் பஸ்ஸும் பெருகிய இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில், அமெரிக்க நகரங்கள் ஒன்றன்பின் ஒன்றாக ட்ராம் வண்டிகளைக் கைவிட்டன. டிட்ரோயிற் 1956இலும், சிக்காகோ 1958இலும், வாஷிங்டன் 1962இலும், லொஸ் ஏஞ்சலிஸ் 1963இலும் தம் கடைசி ட்ராம் வண்டிகளை நிறுத்தின. வீதியில் ஓடும் ட்ராமுக்குப் பதிலாக பஸ்ஸை ஓட்டுவது எளிது. தண்டவாளத்தைத் தாரினால் மூடினால் போதும். பொஸ்டன் நகரிலும் பல ட்ராம் பாதைகள் அவ்வாறே மறைந்தன. ஆனால், புகை கக்கும் பஸ்ஸை ஒடுங்கிய சுரங்கத்தினுள் எவ்வாறு ஓட்டுவது? அங்கு மின்சார ட்ராமே ஓட முடிந்தது. ஆகவே, பார்க் வீதி நிலையத்திற்கு வரும் பாதைகளுட் சில உயிர் தப்பின. மேலும், 1959ஆம் ஆண்டில், கைவிடப்பட்ட புறநகர்ப் புகையிரதப் பாதை ஒன்றிலும் ட்ராம் வண்டிகள் ஓடத் தொடங்கின. சான் பிரான்சிஸ்கோ, பிலடெல்பியா ஆகிய நகரங்களிலும் ட்ராம் வண்டி நிலைத்ததற்குச் சுரங்கங்களே பெரிதும் காரணமாயின.

1970களில் எரிபொருள் விலையேறி, மோட்டார் வாகன நெரிசல் முற்றியபோது, ‘இலகு ரயில்’ என்னும் புதுப்பெயருடன் ட்ராம் வண்டி மீண்டும் மதிப்புப் பெற்றது. அப்பெயருக்குரிய புதிய வண்டிகள் 1976ஆம் ஆண்டின் இறுதியில் பொஸ்டனில் ஓடத் தொடங்கின. 1965 முதல் ‘பச்சைப் பாதை’ எனப் பெயர்பெற்ற இவ்வமைப்பின் நான்கு கிளைகளும் இன்று பார்க் வீதி வழியாகவே செல்கின்றன. 2022ஆம் ஆண்டில் அது வடக்கே சமர்வில், மெட்போட் ஆகிய நகரங்கள் வரை நீண்டது. அமெரிக்க அரசாங்கம் 1964ஆம் ஆண்டில் இச்சுரங்கத்தைத் தேசிய வரலாற்றுச் சின்னமாக அறிவித்தது. கல்லறை என்று பழிக்கப்பட்ட மண்டபங்களில் இரண்டு பார்க் வீதியில் இன்றும் நிற்கின்றன.

ட்ராம் வண்டிகளின் நெரிசலிலிருந்து வீதியைக் காப்பதற்காக வெட்டிய சுரங்கம், பிற்காலத்தில் ட்ராம் வண்டியையே காத்தது. அதனை வெட்டியோர் இதை எண்ணியிருக்க முடியாது. ஆனால் அவர்கள் பொதுத் திடலை இழக்க மறுத்தனர். பொதுப் பணத்தைக் கொண்டு, பொதுவுடைமையாக, நெடுங்காலம் நிலைக்குமாறு கட்டினர். அதன் பயனை அவர்களுடைய கொள்ளுப்பேரர் இன்றும் அந்த மேடையில் நின்று நுகர்கின்றனர்.