மெழுகுப் பூக்கொடிக்கு ஒரு ஜன்னல் போதும்

பிப்ரவரியில் நர்சரிப் பக்கம் போனால், உள்ளங்கை அளவு சட்டியில் இதய வடிவ இலை ஒன்றைக் குத்தி வைத்து விற்பதைப் பார்க்கலாம். காதலர் தினச் சரக்கு. ஹோயா கெர்ரி என்ற கொடியின் இலை அது. வெறும் இலைதான். வேர் விடும், வருஷக்கணக்கில் பச்சையாகவும் இருக்கும். ஆனால் காம்போடு கணுத்துண்டு ஒட்டிக்கொண்டு வராவிட்டால் அதிலிருந்து கொடி கிளம்பவே கிளம்பாது. மெழுகுப் பூக்கொடி எனப்படும் ஹோயா வேண்டுமென்றால் நாலைந்து கணுவாவது உள்ள கொடியாகப் பார்த்து வாங்குங்கள்.

1810-ல் ராபர்ட் பிரவுன் என்ற தாவரவியலாளர் தாமஸ் ஹோய் என்ற ஆங்கிலேயத் தோட்டக்காரரைப் பெருமைப்படுத்த வைத்த பெயர்தான் ஹோயா. பெயர்தான் அந்நியம், குடும்பம் நமக்குப் பழக்கமானது. இலையைக் கிள்ளினால் பால் வடியும். எருக்கு, வேலிப்பருத்தி, சிறுகுறிஞ்சான் எல்லாம் இதன் பங்காளிகள். கோவையில் பருத்திச் சோதனைப் பண்ணைகளைக் கவனித்த ராபர்ட் வைட்டின் பெயரைத் தாங்கிய ஒரு ஹோயா நம் மேற்குத் தொடர்ச்சி மலைக் காடுகளில் மரத்தைப் பற்றிக்கொண்டு வளர்கிறது.

மரத்தைப் பற்றி வாழ்வது என்பதில்தான் வளர்க்கும் முறை முழுவதும் இருக்கிறது. இதன் வேருக்கு மண்ணைவிடக் காற்று முக்கியம். தோட்டத்து மண்ணைச் சட்டியில் அடைத்தால் முதல் மழைக்காலத்திலேயே அழுகிவிடும். தேங்காய் மட்டையைச் சிறு துண்டுகளாக நறுக்கி, இரண்டு மூன்று நாள் தண்ணீரை மாற்றி மாற்றி ஊறவைத்து உப்பை எடுங்கள். அது பாதி, உடைத்த அடுப்புக்கரி கால், மக்கிய உரம் கால். மும்பைவாசிகள் சட்டிக்குத் தாராவியில் உள்ள குயவர் குடியிருப்பான கும்பார்வாடாவுக்குப் போகலாம். பளபளப்புப் பூசாத மண்சட்டி, நாலைந்து அங்குல வாய், அடியில் ஓட்டை. சுவர் வழியாகவே ஈரம் போய்விடுவதால் மும்பை மழைக்கு இதுதான் தோது. பெரிய சட்டி வேண்டாம். வேர் நெருங்கிக் கிடந்தாலும் இது பூக்கும். கோலி எனப்படும் ஒற்றை அறை வீட்டில் இருப்பவர்களுக்கு இதைவிட வசதியான செடி ஏது?

வெளிச்சத்தில் மட்டும் சமரசம் கிடையாது. கிழக்கு ஜன்னல் கிரில் என்றால் யோசிக்கவே வேண்டாம். செம்பூர் ஃபிளாட்டில் மேற்கு ஜன்னல்தான் இருக்கிறதா? ஏப்ரல், மே வெயிலுக்கு ஒரு மெல்லிய திரை போடுங்கள். தாராவி சந்துகளில் கீழ்வீட்டுக்குள் பகலிலேயே ட்யூப்லைட் எரியும். அங்கே உள்ளே வைத்தால் இலை இருக்கும், பூ வராது. மேலே ஏறும் ஏணிப் பக்கம், வானம் தெரிகிற இடத்தில் கம்பி கட்டித் தொங்கவிடலாம்.

தண்ணீர் ஊற்றத் தேதி, கிழமை பார்க்காதீர்கள். இலையை லேசாக மடித்துப் பாருங்கள். விறைப்பாக இருந்தால் வேண்டாம். துவண்டு கொடுத்தால் ஊற்றலாம். ஆண்டுக்கு 2,000 மில்லிமீட்டருக்கு மேல் கொட்டும் ஊர் இது, அதில் பெரும்பகுதி ஜூனிலிருந்து செப்டம்பருக்குள். அந்த நாலு மாதமும் சட்டி காயவே காயாது. அப்போது தொட்டியை மழைச்சாரலிலிருந்து உள்ளே இழுத்து, தண்ணீரை அடியோடு குறைத்துவிடுங்கள். இங்கே ஹோயாவைக் கொல்வது வெயில் அல்ல, நம் கை.

காற்றோட்டம் குறைந்தால் கணுவிடுக்கில் மாவுப்பூச்சி அடையும். பஞ்சில் துடைத்தெடுத்து, வேப்பெண்ணெயோடு சில துளி சோப்பு கலந்த தண்ணீரை மாலையில் தெளித்தால் போதும்.

இனி பூ. நுனியில் இலையே இல்லாமல் ஒரு நீளக் குச்சி நீண்டு வந்தால் வெட்டிவிடாதீர்கள், பிடிமானம் தேடுகிறது. கம்பி வளையத்தில் சுற்றிவிடுங்கள், இலை பின்னால் வரும். இரண்டு மூன்று வருஷம் பொறுத்தால் கணுவிலிருந்து ஒரு காம்பு கிளம்பும். மெழுகில் வார்த்தது போன்ற குட்டி நட்சத்திரங்கள் குடை மாதிரி விரியும். பல வகைகளில் மணம் ராத்திரியில்தான் தூக்கலாக இருக்கும். தேனும் சொட்டும், ஆகவே பூசை ஷெல்ஃபுக்கு மேலே தொங்கவிட வேண்டாம். மொட்டு கண்டபின் சட்டியை இடம் மாற்றினால் உதிர்த்துவிடும். எல்லாவற்றையும்விட முக்கியம் இது: பூ உதிர்ந்ததும் காம்பு மொட்டையாக நிற்கும், பார்க்க அசிங்கமாகக்கூட இருக்கும். கை அரித்தாலும் கிள்ளாதீர்கள். பெரும்பாலான வகைகள் அடுத்த முறையும் அதே காம்பில் பூக்கும்.

பக்கத்து வீட்டு மாமி கேட்டால் இலையைப் பறித்துக் கொடுக்காதீர்கள். இரண்டு கணுவோடு ஒரு துண்டு வெட்டி, பாலைக் கழுவி, கீழ்க்கணு தண்ணீரில் முங்கும்படி கண்ணாடிப் பாட்டிலில் போட்டுக் கொடுங்கள். சில வாரங்களில் வேர் விடும்.