வட்டிக்காரர் பெயரில் எழுபது ஆண்டு

செஞ்சிக் கோட்டையை தேசிங்கு ராஜன் ஆண்டது பத்தே மாதம் என்பார்கள். 1714-இல் போர்க்களத்தில் மாண்டபோது அவனுக்கு வயது 22. அனந்தபுரம் பக்கத்து ஊர்கள் இன்றைக்கும் அவனை விடவில்லை. அதே ஊர்களில் மல்லாட்டை ஆய்ந்த கையைப் பாவாடையில் துடைத்துக்கொண்டு கொட்டாய்க்கு ஓடி, பெண்கள் பக்கத்து மணல்தரையில் இடம்பிடித்த தலைமுறைக்கு இன்னொரு பெயரும் மனப்பாடம்: சவுகார் ஜானகி. இவர் திரையில் நின்றது பத்து மாதமல்ல, எழுபது ஆண்டு.

1931 டிசம்பர் 12-இல் ராஜமுந்திரியில் பிறந்தவர். வானொலியில் ஒலித்த குரல்தான் இவரை சினிமாக்காரர்களுக்கு அடையாளம் காட்டியது. கதாநாயகிக்குக் கல்யாணம் ஆனாலே மார்க்கெட் போய்விடும் என்று நம்பிய தொழில் அது. இவரோ கைக்குழந்தையோடு வந்தார். எல்.வி.பிரசாத் இயக்கத்தில், விஜயா நிறுவனத்தின் முதல் தயாரிப்பான தெலுங்குப் படம் ‘ஷாவுகாரு’ 1950-இல் வெளியானது. ஜோடி, என்.டி.ராமாராவ். அப்போது ஜானகிக்கு வயது 18.

இதில் ஒரு வேடிக்கை உண்டு. படத்தில் ‘சவுகார்’ என்பது வட்டிக்குக் கடன் கொடுக்கும் பெரியவர். ஜானகி அவருடைய பக்கத்து வீட்டுப் பெண். ஆனால் பட்டம் இவரிடம்தான் ஒட்டிக்கொண்டது.

ஒரே ஆண்டில் மூன்று முகம்

தமிழில் முதல் படம் மாடர்ன் தியேட்டர்ஸின் ‘வளையாபதி’ (1952). ‘படிக்காத மேதை’, ‘பாலும் பழமும்’ என்று அடுத்தடுத்து வந்தவை பெரும்பாலும் கண்ணீர் வேடங்கள். சவுகார் என்றாலே அழுகை என்று முத்திரை குத்தியாயிற்று. அந்த முத்திரையை அழிக்க அவர் மேடையேறிப் பேசவில்லை. வேறு வேடம் கட்டினார். 1964-இல் ‘புதிய பறவை’யில் நாகரிகப் பாடகியாக வந்து நின்றபோது, அதுவரை அழுதவர் இவர்தானா என்று கேட்க வைத்தார்.

1968-ஐ மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள். எம்.ஜி.ஆரின் 100-வது படம் ‘ஒளி விளக்கு’. சிவாஜியின் 125-வது படம் ‘உயர்ந்த மனிதன்’. இரண்டிலும் சவுகார். ஒன்றில் இளம் விதவை, மற்றொன்றில் பணக்கார வீட்டு எஜமானி. அதே ஆண்டு பாலசந்தரின் ‘எதிர்நீச்ச’லில் ஸ்ரீகாந்தோடு சேர்ந்து சிரிப்புக் கிளப்பிய பட்டு மாமியும் அவரே.

‘ஒளி விளக்’கில் எம்.ஜி.ஆர். உயிர் பிழைக்க வேண்டி சவுகார் பாடுவதாக வரும் பிரார்த்தனைப் பாட்டுக்கு, 1984-இல் மறுபிறவி கிடைத்தது. முதல்வர் எம்.ஜி.ஆர். நோயில் படுத்தபோது தமிழ்நாடு முழுக்கத் தியேட்டர்களில் அதே பாட்டை ஓட்டினார்கள். பி.சுசீலாவின் குரல், சவுகாரின் முகம். சினிமாவும் நிஜமும் வேறு என்பதே அன்று ஜனங்களுக்கு மறந்துபோனது.

கலெக்டரம்மா

1969-இல் வந்த ‘இரு கோடுகள்’ இவருடைய சிகரம். கைவிட்ட கணவன் குமாஸ்தாவாக வேலை பார்க்கும் அலுவலகத்துக்கே கலெக்டராக வருகிறாள் மனைவி. ஜெமினி கணேசன் கைகட்டி நிற்க, நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தார் சவுகார். கலெக்டர் ஆபீஸ் திண்ணையில் மனுவோடு காத்துக் கிடந்த பெண்களுக்கு, ஒரு பெண் அந்த நாற்காலியில் இருப்பதைப் பார்ப்பதே பெரிய காட்சி. சிறந்த தமிழ்ப் படத்துக்கான தேசிய விருது அதற்குக் கிடைத்தது. அடுத்த ஆண்டே ‘காவியத் தலைவி’யைச் சொந்தமாகத் தயாரித்து, தாயும் மகளுமாக இரட்டை வேடத்தில் நடித்தார்.

நாயகி இடத்தைக் கெட்டியாகப் பிடித்துக்கொண்டு தொங்காததுதான் இவர் நிலைத்ததன் சூட்சுமம். ஐம்பதை நெருங்கும் வயதில், ‘தில்லு முல்லு’வில் (1981) ரஜினிக்கு வாடகை அம்மாவாக வந்து செய்த அமர்க்களம் இன்றும் தொலைக்காட்சியில் சிரிப்பை வாங்குகிறது. ‘தம்பி’ (2019), ‘பிஸ்கோத்’ (2020) படங்களில் பாட்டியாக வந்தார்.

2022-இல் பத்மஸ்ரீ அறிவிக்கப்பட்டது. விருது வந்தபோது அவருக்கு வயது 90. முதல் படம் வெளியாகி 72 ஆண்டுகள் ஆகியிருந்தன.